ரத்து உத்தரவும் கீழ் வீடும்

பேரூராட்சி ஆபீசிலிருந்து வந்தவர் உத்தரவை என் கையில் கொடுக்கவில்லை. பாதி எழும்பியிருந்த சுவரில் பசை தடவி ஒட்டினார், போனில் படம் எடுத்தார், போய்விட்டார். கட்டட அனுமதி ரத்து. ஒரு வாரத்துக்குள் நாங்களே இடித்து அகற்ற வேண்டும். இல்லாவிட்டால் அவர்களே இடிப்பார்கள். காரணம் என்று ஒரே வரி: நிலச்சரிவு அபாயம்.

குன்னூருக்குக் கீழே தேயிலைச் சரிவில் இருக்கிறது எங்கள் இடம். நான் ஒரு டீ ஃபேக்டரியில் கிளார்க். வீட்டுக்காரர் சுற்றுலா வருகிறவர்களுக்குக் கார் ஓட்டுகிறார். நான் ரிட்டயரானால் குவார்ட்டர்ஸைக் காலி செய்தாக வேண்டும். அதற்காகத்தான் இந்த வீடு. அனுமதி கொடுத்ததும் இதே ஆபீஸ்தான். இப்போது ஏன் ரத்து என்று போய்க் கேட்டோம். சரிவில் எங்களுக்குக் கீழே இருக்கும் வீட்டிலிருந்து புகார் வந்திருக்கிறது என்றார்கள். அதற்கு மேல் யாரும் பேசவில்லை.

கோர்ட்டுக்குப் போகலாம் என்று நான் சொன்னதும் வீட்டுக்காரர் முகம் வெளுத்துவிட்டது.

"இந்த ஊருக்குள்ளதான் வண்டி ஓட்டோணும். ஆபீசைப் பகைச்சுட்டு எங்க போறது?"

"இடிச்சுப்போட்டா மட்டும் எங்கீங்க போறது?" என்றேன்.

ஊட்டி வக்கீல் ஒருவர் சொல்லி, சென்னையில் ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டோம். மனு விசாரணைக்கு வரும்வரை எனக்குச் சோறு இறங்கவில்லை. ஃபேக்டரி ரோட்டில் லாரி உறுமினாலே இடிக்க ஆள் வந்துவிட்டது என்று வாசலுக்கு ஓடுவேன். இடிக்கக் கூடாது என்று இடைக்காலத் தடை கிடைத்த அன்றுகூட, தடையை நீக்கிவிட்டால் என்ன செய்வது என்றுதான் கேட்டார் வீட்டுக்காரர்.

ஐப்பசி மழை பிடித்தது. ஒரு மத்தியானம் வேலை நின்ற வீட்டைப் பார்க்கப் போனேன். அஸ்திவாரத்துக்கு வெட்டிப் போட்ட மண் கரைந்து, சிவப்பாகக் கீழே ஓடிக்கொண்டிருந்தது. அது போகிற வழியையே பார்த்தேன். நேராகக் கீழ் வீட்டின் பின்சுவருக்குப் போயிற்று. அங்கே அந்த வீட்டுப் பெண் மண்வெட்டியால் தண்ணீரைத் திருப்பிவிட்டுக்கொண்டிருந்தாள். எஸ்டேட்டில் கொழுந்து பறிப்பவள். புகார் கொடுத்தவள் என்று அதுவரை அவளிடம் நான் பேசியதில்லை.

இறங்கிப் போனேன். திட்டுவாள் என்று நினைத்தேன். அவள் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் சொன்னாள்:

"மழ பேஞ்சா புள்ளைங்களச் செருப்போட தூங்க வெக்கறேனுங்க, அக்கா. ஓடறதுக்கு."

கொஞ்ச நேரம் நானும் ஒரு தகரத்தை எடுத்து மண்ணை ஒதுக்கினேன். மேலே ஏறி வந்தபோது என் பயம் இரண்டாகியிருந்தது. வழக்கில் தோற்றால் வீடு போகும். ஜெயித்தால்?

ஜெயித்தோம். எங்களைக் கூப்பிட்டு விளக்கம் கேட்காமல் ரத்து செய்தது செல்லாது, நேரில் விசாரித்து, இடத்தையும் ஆராய்ந்து புதிதாக முடிவெடுக்க வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. வக்கீல் போனில் வாழ்த்துச் சொன்னார். ஆபீஸ் இனி என்ன செய்யுமோ என்று வீட்டுக்காரர் அன்று கார் ஓட்டப் போகாமல் கட்டிலிலேயே உட்கார்ந்திருந்தார்.

பேரூராட்சி விசாரணைக்குக் கீழ் வீட்டுப் பெண்ணும் வந்தாள். மாடி வேண்டாம் என்றும், முதலில் தடுப்புச் சுவரும் வடிகாலும் கட்டிவிட்டுத்தான் மேற்கொண்டு வேலை செய்வோம் என்றும் நான் எழுதிக் கொடுத்தேன். வீட்டுக்காரருக்கு அதில் வருத்தம்தான். மாடியில் ரூம் விட்டுச் சம்பாதிக்கலாம் என்று நினைத்திருந்தார். மண்ணைச் சோதித்துப் பார்த்தார்கள். அனுமதி திரும்பக் கிடைத்தது.

குடிவந்து இரண்டு மழைக்காலம் ஆயிற்று. சுவர் நிற்கிறது. ஆனாலும் விடாமல் கொட்டுகிற நாளில் நான் அடிக்கடி பின்பக்கம் போய்த் தரையில் விரிசல் இருக்கிறதா என்று குனிந்து பார்க்கிறேன். அந்த நேரம் பார்த்துப் பெரும்பாலும் போன் அடிக்கும். கீழ் வீட்டிலிருந்து.

"அக்கா, மேல ஒண்ணும் இல்லீங்களே?"

"இதுவரைக்கும் இல்ல" என்பேன். நம்பிக்கையாகச் சொல்ல எனக்கு இன்னும் வரவில்லை.