தோற்றுவிட்டு வந்த எம்.பி.

என் தங்கை அமெரிக்காவில் எம்.பி. என்று எங்கள் ஒழுங்கை வீடுகளில் எல்லோரும் சொல்வார்கள். உண்மையில் அவள் எம்.பி. இல்லை. அங்கே ஒவ்வொரு மாநிலத்துக்கும் தனியாக ஒரு சட்டசபை உண்டாம். அதில் அவள் ஓர் உறுப்பினர். எங்கள் மாகாண சபை மாதிரி என்று ஒருமுறை விளக்கப் போனேன்.

"அங்க மாகாண சபை இன்னும் நடக்குதோ?" என்று பக்கத்து வீட்டு அம்மா ஆச்சரியப்பட்டா.

எங்கள் மாகாண சபைக்குத் தேர்தல் வைத்தே பல வருடங்களாகிவிட்டன. அதற்குப் பிறகு நானும் எம்.பி. என்றே சொல்லத் தொடங்கிவிட்டேன்.

அவள் சின்ன வயதிலேயே அப்படித்தான். நிறுத்தவேண்டிய இடத்தில் பஸ் நிற்காமல் போனால், அடுத்த தரிப்பிடத்தில் இறங்கி டிரைவரின் ஜன்னலுக்குக் கீழே போய் நின்று நியாயம் கேட்பாள். நான் அவளைத் தெரியாத ஆள் போல மற்றப் பக்கம் பார்த்துக்கொண்டு நிற்பேன். கலியாணம் முடித்து அமெரிக்கா போன பிறகு, ஓர் ஆஸ்பத்திரியில் இரத்தம் சோதிக்கிற வேலை கிடைத்தது. ஆங்கிலம் தெரியாத நோயாளிகள் டொக்டர் சொல்வதற்கெல்லாம் தலையை ஆட்டிவிட்டு, ஒன்றும் விளங்காமல் வெளியே வருவார்களாம். அவர்களுக்கு மொழிபெயர்க்க ஆள் வைக்கவேண்டும் என்று இவள் யார் யாருடனோ சண்டை பிடித்திருக்கிறாள். கடைசியில் நீயே தேர்தலில் நில் என்று சொல்லிவிட்டார்கள். நின்றாள், வென்றாள், அந்தச் சட்டத்தையும் கொண்டுவந்தாள்.

அவளுக்கு ஜீப் இல்லை, பாதுகாப்புக்கு ஆட்கள் இல்லை. பனியில் சப்பாத்துப் புதையப் புதைய வீடு வீடாகக் கதவைத் தட்டித்தான் வோட்டுக் கேட்பாள். சபை கூடாத மாதங்களில் பழையபடி ஆஸ்பத்திரிக்குப் போய் இரத்தம் சோதிப்பாள். இதை நான் வெளியில் சொல்வதில்லை. எம்.பி. ஒருத்தி வேலைக்குப் போகிறாள் என்றால் எங்கள் ஊரில் யார் நம்புவார்கள்?

போன மார்கழியில் அவள் தனியாக ஊருக்கு வந்தாள். உடனே ஊர்ச்சங்கம் பொதுநோக்கு மண்டபத்தில் ஒரு வரவேற்பு ஒழுங்கு செய்தது. சங்கத் தலைவர் இளைப்பாறிய பஸ் கொண்டக்டர். அவருக்கு மைக் தேவையே இல்லை, ஆனாலும் பிடித்தால் விடமாட்டார். அக்காக்காரி என்பதால் நன்றியுரையை என் தலையில் கட்டினார்.

"எனக்கு ஏலாது அண்ணை" என்றேன்.

"ரெண்டு வசனம் பிள்ள. கண்ணை மூடிக்கொண்டு சொல்லிப்போட்டு இருங்கோ."

பள்ளிக்கூடத்தில் இடாப்பில் பேர் கூப்பிடும்போதே குரல் வராமல் கையைத் தூக்கிக் காட்டியவள் நான். அன்றைக்கே இரண்டு வசனம் எழுதிப் பாடமாக்கத் தொடங்கினேன்.

வரவேற்புக்கு முதல் நாள் குசினியில் தேங்காய் துருவிக்கொண்டிருந்தேன். தங்கை வந்து கதவோரம் நின்றாள்.

"அக்கா, நான் தோத்திட்டன்."

"எதில?"

"எலெக்சன்ல. போன மாசம்."

எனக்குத் துருவலையில் கை வெட்டப் பார்த்தது. "அப்ப நாளைக்கு?"

"தை மாசம் வரைக்கும் நான்தான் உறுப்பினர். அதால பொய் இல்ல."

"சனத்துக்குச் சொல்லேல்லையோ?"

"மாலையையும் போட்டுக்கொண்டு தோத்த கதை சொல்ல ஆரால ஏலும்? நாளைக்குச் சிரிச்சுக்கொண்டு இருந்திட்டு ஞாயிற்றுக்கிழமை பிளேன் ஏறிடுவன். நீங்களும் வாய் திறக்கப்படாது."

வாய் திறக்காமல் இருப்பதுதான் எனக்கு நன்றாகத் தெரிந்த வேலை. ஓம் என்றேன். ஆனால் அவள் அதற்குப் பிறகு சாப்பிடவில்லை.

மறுநாள் நல்ல மழை. மண்டபத்துத் தகரக் கூரை இரைந்தது. தலைவர் அதையும் மீறி முழங்கினார். அமெரிக்காவே என் தங்கையைக் கேட்டுத்தான் சட்டம் போடுகிறது என்ற அளவுக்குக் கொண்டுபோனார். அவள் கழுத்தில் பெரிய மாலை, முகத்தில் ஒட்டவைத்த சிரிப்பு. நான் மேடையின் கடைசிக் கதிரையில் என் இரண்டு வசனத்தையும் மனதுக்குள் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அப்போது முன்வரிசையில் இருந்து மீன் விற்கிற அக்கா எழும்பினா.

"பிள்ள, எங்கட துறையில ஒரு லைட் இல்ல. விடியப்புறம் வள்ளம் தள்ளுற ஆக்கள் தடக்கி விழுகினம். நீ பெரிய இடத்தில இருக்கிறாய். கச்சேரியில அரசாங்க அதிபருக்கு ஒரு சொல்லுச் சொல்லிவிடு. நீ சொன்னாக் கேப்பினம்."

சனம் கை தட்டியது. தங்கை என்னைத் திரும்பிப் பார்த்தாள். இப்போது தலையை ஆட்டினால் அந்த அக்கா நம்பிக்கொண்டு வீட்டுக்குப் போவா. இவள் ஞாயிற்றுக்கிழமை பிளேன் ஏறுவாள். தங்கைக்கு முகம் கறுத்துவிட்டது. மாலையைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு மைக்கை வாங்கினாள்.

"அக்கா, நான் சொன்னா ஒருத்தரும் கேக்கமாட்டினம். நான் தோத்திட்டன்."

நான் என் செருப்பைப் பார்த்தேன்.

"கனக்கவோ, கொஞ்சமோ?" மீன்கார அக்காதான் கேட்டா.

"கொஞ்சம்."

"திரும்ப எண்ணச் சொல்லிக் கேக்கேல்லையோ?"

"கேட்டனான். எண்ணிச்சினம். திரும்பவும் தோத்திட்டன்."

யாரோ பின்னால் சிரித்தார்கள். தலைவர் மைக்கைப் பிடுங்கினார். "அதுக்கென்ன தங்கச்சி, இஞ்ச தோத்த ஆக்களைக் கட்சி போடுற மாதிரி தேசியப் பட்டியலால உள்ளுக்குப் போகலாம்தானே?"

"அங்க தேசியப் பட்டியல் இல்ல அண்ணை."

"இல்லையோ? அப்ப தோத்த ஆக்கள் எங்க போறது?"

"வீட்டுக்கு."

மண்டபம் திகைத்துப்போனது. தோற்றுவிட்டு நேரே வீட்டுக்குப் போகிற அரசியல்வாதியை எங்கள் பக்கம் யாரும் கண்டதில்லை.

"உங்கட விருப்பிலக்கம் என்ன?" என்றது பின்வரிசை. எங்கள் ஊர்ச் சுவரெல்லாம் வேட்பாளரின் இலக்கம்தான் பெரிதாக இருக்கும்.

"இலக்கம் இல்ல. பேர் மட்டும்தான்."

"உந்தப் பேரை வெள்ளைக்காரன் எப்பிடி வாசிக்கிறது? அதுதான் பிழைச்சது!"

"வீடு வீடாப் போனனியோ?" மறுபடி மீன்கார அக்கா.

"போனனான்."

"உள்ள இருந்து தேத்தண்ணி குடிச்சனியோ?"

"வாசல்லயே நிண்டு கதைச்சிட்டு வாறதுதான் அக்கா."

"வாசல்ல நிண்டு வோட்டுக் கேட்டவளாம்! மீன் விக்கிற நானே உள்ள போய் இருந்திட்டுத்தான் வாறன்."

தங்கைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மைக்குக்குள்ளேயே சிரித்தாள். பிறகு கண்ணைத் துடைத்தாள். அது எதற்கு என்று நான் கேட்கவில்லை. பொழுதுபடுவதைப் பற்றி யாருக்கும் கவலை இல்லை, வாக்குவாதம் நீண்டுகொண்டே போனது.

ஒருவழியாக என்னைக் கூப்பிட்டார்கள். நான் பாடமாக்கிய வசனத்தில் "கௌரவ உறுப்பினர்" என்று இருந்தது. அதை எடுத்துவிட்டால் மிச்சம் ஒன்றும் நினைவில் நிற்கவில்லை.

"எல்லாருக்கும் நன்றி. பின்னால வடை இருக்கு" என்றேன்.

பலமாகக் கை தட்டினார்கள். அதோடு என் மேடைப் பேச்சு முடிந்தது.

ஓட்டோவில் வீடு திரும்பும்போது தங்கை வெளியே பார்த்தபடி சொன்னாள்: "அங்க தோத்த பிறகு ஒருத்தரும் அந்தக் கதை எடுக்கேல்ல அக்கா. கடையில கண்டாலும் பாவம் எண்டு மற்றப் பக்கம் போயிடுவினம். எனக்கு அதுதான் பெரிய வருத்தம். இஞ்ச பாருங்கோ, ஆளாளுக்கு ஏசிப்போட்டினம்."

வீட்டுக்கு வந்ததும் மத்தியானச் சோறு இருக்கிறதா என்று கேட்டு, தானே போட்டுச் சாப்பிட்டாள்.

பிளேன் டிக்கெட்டைப் பொங்கலுக்குப் பிந்திய ஒரு நாளுக்கு மாற்றிக்கொண்டாள். அன்று முதல் எங்கள் முன் அறையில் கதிரை காலியாக இருக்கவில்லை. ஆளுக்கொரு யோசனையோடு வந்தார்கள். நான் தேத்தண்ணி ஊற்றிக் களைத்தேன். தலைவர் ஒருநாள் முழுவதும் இருந்து, வாகனத்தில் ஒலிபெருக்கி கட்டிப் பனிக்குள்ளே ஒழுங்கை ஒழுங்கையாகப் போகாமல் அங்கே வெல்லவே முடியாது என்று விளங்கப்படுத்தினார். தங்கை ஒரு மாணவி போலக் கேட்டுக்கொண்டிருந்தாள். அவர் படலையைத் தாண்டும் வரை சிரிப்பை அடக்கி வைத்திருந்து பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

சிரித்து முடிந்ததும் அவர் குடித்த தேத்தண்ணிக் கோப்பையை எடுத்து என்னிடம் தந்தாள்.

"ஆனா அக்கா," என்றாள், "அங்க ஒலிபெருக்கி கட்டச் சட்டம் விடுமோ எண்டு ஒருக்காப் பாக்கத்தான் வேணும்."