முதல் அங்கத்தின் கடைசிப் பாட்டு

1. பிரிவு

தேநீர் குடித்துக்கொண்டே ரஜீவன் அந்தச் செய்தியைச் சொன்னான். ரூ பெர்தொனே என்ற தெருவில், போன் கடை ஒன்றுக்கு மேலே இருந்த என் அறையில்தான் இருவரும் வேலை செய்தோம். அவன் பிரெஞ்சில் வரிகள் எழுதுவான். நான் மெட்டுப் போடுவேன். எங்கள் பாப் பாட்டுகள் வானொலியில் ஓடின. பாடியவர்களைத்தான் சனத்துக்குத் தெரியும். அதில் எனக்குக் குறை இருந்ததில்லை.

“அக்கா, கோவிக்காதேங்கோ. ஒரு மியூசிக்கலுக்கு, மேடையிலை போடுற பாட்டு நாடகத்துக்கு, வரி எழுதக் கேட்டிருக்கினம். இசை ஜூலியன்.”

“நான் இருக்க ஏன் ஜூலியன்?”

“அவர் தியேட்டர் ஆள். நீங்கள் பாட்டு ஆள்தானே.”

அன்று முழுவதும் கீபோர்டைத் தொடவில்லை. ஜூலியனின் பழைய மேடைப் பாட்டுகளைத் தேடிக் கேட்டேன். ஒவ்வொன்றிலும் பிழை பிடித்தேன். பிழை கிடைக்காத இடங்களில் இன்னும் எரிச்சல் வந்தது.

2. படியேறி வந்தவர்

ஒத்திகை தொடங்கிச் சில வாரங்களில் ஜூலியனே என் அறைக்கு வந்தார். அவரும் மற்றவர்களும் பிரெஞ்சில் சொன்னதை எங்கள் பேச்சில் எழுதுகிறேன்.

“முதல் அங்கத்தின்ரை கடைசிப் பாட்டு எனக்குச் சரிவருதில்லை. சனம் வெளியிலை போகேக்கை வாயிலை நிக்கிற மெட்டு வேணும். அது உங்கடை கையிலைதான் இருக்கு.”

அவருக்கு வரவில்லை என்பதே எனக்குத் தேனாக இருந்தது. தகப்பனின் பேக்கரியை நடத்தும் ஒரு பெண், அதை விட்டுப் போக முடிவெடுக்கும் கட்டம். ‘நாளை கதவைத் திறக்க நான் இல்லை’ என்று ரஜீவன் பல்லவி எழுதினான். மெட்டு உடனே வந்தது. வானொலியில் போட்டால் நிச்சயம் ஓடும் மெட்டு.

3. எலோடியின் கேள்வி

ரூ பிலிப்-து-ஜிராரில் ஒரு பழைய மண்டபத்தில் ஒத்திகை. நாயகியாக நடித்த எலோடி பாடினாள். சுற்றியிருந்தவர்கள் காலால் தாளம் போட்டார்கள். நான் ஜூலியனின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

பாடி முடித்ததும் எலோடி என்னிடம் கேட்டாள். “மெட்டு நல்ல வடிவு. ஆனா முதல் பல்லவியிலையே நான் போறதெண்டு சொல்லிப்போட்டன். மிச்சப் பாட்டு முழுக்க இந்த மேடையிலை நிண்டு என்ன செய்யிறது?”

பாப் பாட்டில் பல்லவி திரும்பத் திரும்ப வர வேண்டும். கேட்பவருக்கு மனப்பாடமாக வேண்டும். அதுதான் நான் கற்ற தொழில். பாடுகிறவள் இன்னும் முடிவெடுக்கவில்லை என்பது எனக்குத் தோன்றவேயில்லை.

ஜூலியன் பியானோவில் உட்கார்ந்தார். முதல் இரண்டு தடவையும் பல்லவியைப் பாதியில் முறித்து, அவளைச் சரணத்துக்குத் திருப்பி அனுப்பினார். கடைசியில்தான் முழுதாகப் பாட விட்டார். மெட்டில் ஒரு சுரத்தைக்கூட மாற்றவில்லை. எலோடி திரும்பப் பாடினாள். முழுப் பல்லவி வந்தபோது, ஒருவரும் சொல்லாமலே இடுப்பிலிருந்த ஏப்ரனை அவிழ்த்தாள். தாளம் போட்ட கால்கள் நின்றன.

அந்த நேரத்தில் எனக்கு ஜூலியனைப் பார்க்கவே பிடிக்கவில்லை. என் மெட்டுக்குள் இருந்ததை அவர் கண்டார்; நான் காணவில்லை.

லா சப்பல் மெட்ரோ வாசலில் ரஜீவன் சொன்னான். “அக்கா, பாட்டுத் தப்பிட்டுது. இனி வெட்டமாட்டினம்.”

“ஓம். அவரின்ரை பாட்டாத் தப்பிட்டுது.”

4. பியானோவுக்குப் பக்கத்தில்

மறுநாள் ஒருவரும் கூப்பிடாமலே ஒத்திகைக்குப் போனேன். ஒரு கதிரையை இழுத்து ஜூலியனின் பியானோவுக்குப் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தேன். ஏன் என்று அவர் கேட்கவில்லை. நடிகை மூச்செடுக்கும்போது அவர் கை என்ன செய்கிறது, எந்த வசனத்தில் இசை தொடங்குகிறது, எங்கே வாசிக்காமல் விடுகிறார் என்று பார்த்தேன். படிக்கும் ஆசையில் போனேன் என்று சொன்னால் அது பொய். அவர் எங்கே சறுக்குவார் என்று பார்க்கப் போனேன். அவர் சறுக்கவில்லை. நான் படித்துவிட்டேன்.

இப்போது நானும் மியூசிக்கல்களுக்குத்தான் இசையமைக்கிறேன். என் முதல் மியூசிக்கல் அரங்கேறிய அன்று ஜூலியன் வந்திருந்தார். இடைவேளையில் என்னிடம் வந்தார். “உச்சத்திலை பாட்டை நிப்பாட்டி அவளைப் பேச விட்டிருக்கிறீங்கள். எனக்கு அது வந்திராது” என்றார். முகத்தில் சிரிப்பில்லை. வாழ்த்தும் சொல்லாமல் விறுவிறுவென்று போய்விட்டார். அந்த முகம் எனக்கு நன்றாகத் தெரிந்த முகம்.

இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான். யாரைக் கண்டால் வயிறு எரிகிறதோ, அவருக்குப் பக்கத்தில் கதிரையைப் போட்டு உட்காருங்கள். எரிச்சல் குறையாது, எனக்கு இன்றுவரை குறையவில்லை. ஆனால் அவ்வளவு கூர்ந்து நீங்கள் வேறு ஒருவருடைய இசையையும் கேட்கப்போவதில்லை.