இரண்டு மொழியில் ஓர் அவசரம்

2022 ஜூலை 11, திங்கட்கிழமை, காலை பதினொரு மணி. ஆந்திர எல்லையில் சத்தியவேடு அருகே எங்கள் ஜூனியர் கல்லூரிக் கூடத்தில், இண்டர் என்னும் பன்னிரண்டாம் வகுப்பை முடித்த மாணவியர் நடுவே நாற்காலியை இழுத்துப் போட்டு அந்த அம்மையார் உட்கார்ந்தார். பக்கத்து ஸ்ரீ சிட்டித் தொழிற்பேட்டையில் உள்ள தொழிற்சாலை ஒன்றின் சமூகப் பொறுப்புப் பிரிவு அவர் கையில் இருந்தது. ஊரார் வாயில் அவர் 'சி.எஸ்.ஆர். மேடம்'.

அதுவரை நாங்கள் கண்ட நிறுவன உதவி வேறு. பெயர் அச்சிட்ட பைகள் வரும். வாங்கும்போது படம் எடுப்பார்கள். எங்களிடம் எவரும் எதுவும் கேட்டதில்லை. மேடம் கேட்டார். தாய்மொழி தெலுங்காயினும் தமிழ் பேசும் எங்களுக்காக முயன்று தமிழில் கேட்டார். என் முறை வந்தது.

"உனக்கு ஏதாவது அவசரமாம்மா?"

தயங்கி நின்ற என்னைப் பதற்றமில்லாமல் பேசச் சொல்கிறார் என்று எண்ணினேன். "அவசரம் ஒண்ணும் இல்லை மேடம்" என்றேன். புன்னகைத்துவிட்டு அடுத்தவளிடம் திரும்பினார்.

வெளியே வந்ததும் தோழி தலையில் அடித்துக்கொண்டாள். "தெலுங்குல அவசரம்னா தேவைடி! என்னா வேணும்னு கேட்டாங்க. நீ என்னமோ பாத்ரூம் போணுமான்னு கேட்டாப்பல பதில் சொல்லிக்கினு நிக்கற!"

சந்தையில் நாள்தோறும் கேட்கும் தெலுங்குச் சொல்தான். தமிழ் வாக்கியத்துக்குள் வந்ததால் தமிழாகவே எடுத்துக்கொண்டேன். திருப்பதியில் தமிழ் இலக்கியம் படிக்க விரும்பினேன். விடுதிச் செலவுக்கு வீட்டில் வழியில்லை. உதவி கிடைக்காவிட்டால் அடுத்த மாதமே தொழிற்சாலை வேலை என்று முடிவாகியிருந்தது.

வலியச் சென்று கேட்கக் கூச்சமாக இருக்கிறது என்று மாலையில் அப்பாவிடம், எங்கள் வழக்கில் நைனாவிடம், சொன்னேன். கழனியிலிருந்து வந்து கால் கழுவிக்கொண்டிருந்தவர் நிமிரவில்லை. "அவங்களா வந்து கேட்டாங்க. நீதான் தப்பா சொல்லிட்டு வந்துட்டே. போய் சரியா சொல்லு. இதுல இன்னா கூச்சம்?"

இன்று திருப்பதியில் முதுகலை படிக்கிறேன். நிறுவனங்களின் சமூகப் பொறுப்பு வளர்ந்து வருவதைப் பற்றிப் பலரும் பேசுகிறார்கள். பெரும்பாலும் செலவிட்ட தொகையைச் சொல்கிறார்கள். நான் நன்றியோடு நினைப்பது, கொடுக்கும் முன் கேட்க வேண்டும் என்று ஒருவருக்குத் தோன்றியதை. அதைவிட, தம் கேள்வியே பிழையென்று தெரிந்தபோது அவர் செய்ததை.

நைனா சொன்னதற்கு மறுநாள் காலை, தொழிற்சாலைக்குப் போகும் பெண்களோடு பஸ்ஸேறிப் போய் மேடத்தைச் சந்தித்தேன். எனக்கு வேண்டியதையும் நேற்றைய குழப்பத்தையும் சொன்னேன். வாய்விட்டுச் சிரித்தவர் சட்டென்று நிறுத்தினார். "அய்யோ தேவுடா! நாலு ஊர்ல அவசரம் இல்லன்னு சொன்னாங்கம்மா. அங்க ஏதும் தேவையில்லன்னு விட்டுட்டு வந்துட்டேனே!"

மேலிடத்தில் பேசி விடுதிச் செலவை வாங்கித் தருவதாகச் சொன்னார், சொன்னபடி தந்தார். பிறகு ஜீப்பின் கதவைத் திறந்தார். "ஏறும்மா. இந்தத் தடவை நீ கேளு."

ஏறினேன். முதல் ஊரில் குழாயடியில் நின்ற பெண்களிடம், "உங்களுக்கு என்ன வேணும்?" என்று கேட்டேன்.

"இத அன்னிக்கே கேக்கறதுக்கின்னா?" என்றபடி ஒரு பெண் இடுப்புக் குடத்தை இறக்கி வைத்தாள்.