மூன்றாவது பேர்

அன்று அந்த அறையில் இருந்தவர்களை முதலில் சொல்லிவிடுகிறேன். மேசைக்குப் பின்னால் வெள்ளை அங்கி போட்ட அரபி அதிகாரி. அவர் பக்கத்தில் பேச்சை மாற்றிச் சொல்ல ஒரு மலையாளி. வரிசையில் முதலில் ராமோன், பிலிப்பைன்ஸ்காரன். அடுத்து நான். எனக்குப் பின்னால், முதுகில் மூச்சுப் படுகிற தூரத்தில், நாங்குநேரிப் பக்கத்து அண்ணாச்சி. நாங்கள் மூவரும் முகாமில் ஒரே அறை. பத்தாக்காவுக்காக வந்திருந்தோம். வளைகுடாவில் அடையாள அட்டையைப் பத்தாக்கா என்பார்கள். அது இல்லாமல் தெருவில் நின்றால் போலீஸ் ஏற்றிக்கொண்டு போவான். பிறகு ஊருக்கு விமானந்தான்.

இந்த ஊரில் பேர் கேட்கிற விதம் வேறு. நம் பேரைச் சொன்னால் போதாது. அப்பா பேர், அதற்கு மேல் தாத்தா பேர். மூன்றும் சேர்ந்தால்தான் ஒரு ஆள். அரபிக்காரர்கள் அதை நெஞ்சை நிமிர்த்திச் சொல்லுகிறார்கள். இன்னார் மகன், இன்னார் பேரன் என்று ஏழு தலைமுறைக்குப் போகிறவர்களும் உண்டாம். ராமோன் தன் தாத்தா பேரைச் சட்டென்று சொன்னான். அவனுக்கு அதில் ஒன்றும் இல்லை. வெள்ளைக்காரன் ஆண்ட காலத்தில் ஊருக்கு ஊர் பேர்களைப் பங்கு வைத்துக் கொடுத்தார்களாம், அவன் வீட்டுப் பேரும் அப்படி வந்தது என்று ஒருநாள் சிரித்துக்கொண்டே சொல்லியிருக்கிறான். எங்கள் பேரும் பங்கு வைத்துக் கொடுத்ததுதான். எனக்குச் சிரிப்பு வராது.

என் தாத்தா பேர் மாடன். அவ்வளவுதான் பேர். பின்னால் ஒரு 'சாமி'யோ 'முத்து'வோ சேர்த்துக்கொள்ள அந்தக் காலத்தில் எங்கள் தெருவில் யாருக்கும் தைரியம் கிடையாது. வயல்காரர்கள் விட மாட்டார்கள். தாத்தா முக்கூடலுக்குக் கிழக்கே ஆற்றுப் பாசன வயலில் வேலை பார்த்தவர். அதிகம் பேச மாட்டார். ஒரே ஒரு காரியம் செய்தார். மகனுக்கு அய்யாத்துரை என்று பேர் வைத்தார். அவனை எவன் கூப்பிட்டாலும் 'அய்யா' என்றுதானே கூப்பிட வேண்டும். வயல்காரர்கள் அதற்கும் வழி கண்டுபிடித்தார்கள். கடைசி வரை அப்பாவை அவர்கள் "ஏலே, மாடன் மவனே" என்றுதான் கூப்பிட்டார்கள். அப்பா எனக்குச் செல்வகுமார் என்று வைத்தார். எந்தத் தெரு என்று காட்டாத பேர். அப்பா வேண்டியது அது ஒன்றுதான்.

அந்தப் பேர் என்னை ஒருமுறை காப்பாற்றியது. பாதி காப்பாற்றியது என்று சொல்ல வேண்டும். ஊரில் கலவரமாக இருந்த சமயம். பாளையங்கோட்டையிலிருந்து களக்காட்டுக்கு, அக்கா வீட்டுக்குப் பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தேன். வெயில் இறங்கவில்லை. நாங்குநேரி தாண்டியதும் ரோட்டில் கல் போட்டு மறித்தார்கள். ஏழெட்டுப் பேர் ஏறினார்கள். கையில் இருந்ததை நான் பார்க்கவில்லை, பார்க்காத மாதிரி இருந்தேன். ஒவ்வொரு சீட்டாகக் கேட்டுக்கொண்டு வந்தார்கள். பேரென்ன, அப்பன் பேரென்ன, தாத்தன் பேரென்ன. எனக்கு முன் சீட்டில் இருந்தவருக்கு என் வயதுதான் இருக்கும். முதல் இரண்டு கேள்விக்கும் பதில் சொன்னார். மூன்றாவதில் வாய் குழறியது. இறக்கிவிட்டார்கள். அவர் செருப்பு ஒன்று பஸ்ஸிலேயே கிடந்தது.

பிறகு என்னிடம் வந்தார்கள். செல்வகுமார் என்றேன். அய்யாத்துரை என்றேன். கேட்டவன் என் முகத்தையே பார்த்தான். மூன்றாவதைக் கேட்க வாயைத் திறந்தபோது ரோட்டில் போலீஸ் ஜீப் சத்தம் கேட்டது. குதித்து ஓடினார்கள். இறங்கிய அந்த ஆள் என்ன ஆனார் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அந்த மாதமே பாஸ்போர்ட்டுக்கு எழுதிப் போட்டேன். கடல் தாண்டிப் போனால் யாரும் கேட்க மாட்டார்கள் என்று நினைத்தேன்.

அதிகாரி கேட்டார். "இஸ்முக்?" சொன்னேன். "இஸ்ம் அபூக்?" சொன்னேன். "இஸ்ம் ஜத்தக்?"

அதே வரிசை. என் கால் ரெண்டும் பஸ்ஸுக்குள் நிற்கிற மாதிரி இருந்தது. மலையாளி, "முத்தச்சன்டெ பேரு" என்று எடுத்துக் கொடுத்தார். தாத்தா பேர் என்று எனக்கு விளங்காமல் இல்லை. பின்னால் அண்ணாச்சி நின்றார். வந்த நாளிலிருந்து நானும் அவரும் ஒரே பானையில்தான் சமைத்துச் சாப்பிட்டோம். அவர் அரைத்த துவையலை என் தட்டில் வைப்பார். காய்ச்சலில் கிடந்தபோது எனக்குக் கஞ்சி காய்ச்சி ஊற்றியவர். தம்பி என்றுதான் கூப்பிடுவார். எந்தத் தெரு என்று ஒருதரம் கேட்டார். ஆற்றுக்குப் பக்கம் என்றேன். ஆறு எல்லாத் தெருவுக்கும் பக்கம்தானே.

தெரியாது என்று சொல்லிவிட்டேன்.

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். மலையாளியிடம் வேகமாக ஏதோ சொன்னார். தாத்தா பேர் தெரியாதவனுக்குத் தகப்பன் பேர் மட்டும் எப்படித் தெரியும் என்று கேட்கிறார், பாஸ்போர்ட்டே கள்ளமோ என்று சந்தேகப்படுகிறார் என்று மலையாளி என்னிடம் சொன்னார். வாசலில் நின்ற போலீஸ்காரனை அதிகாரி பார்த்தார்.

பின்னாலிருந்து அண்ணாச்சி முதுகில் தட்டினார். "கேக்குதாருல்லா, சொல்லு தம்பி. தாத்தா பேரு தெரியாதவன் ஒலகத்துல உண்டுமா? பைய ரோசிச்சுச் சொல்லு."

வேறு ஏதாவது ஒரு பேர் வாயில் வந்திருக்கலாம். வரவில்லை. இருக்கிற ஒரே பேர்தான் வந்தது.

"மாடன்."

முதுகில் இருந்த கை எடுபட்டது.

அதிகாரி முகம் தெளிந்தது. "மஅதன்?" என்றார். இரும்பு, செம்பு மாதிரி உலோகங்களுக்கு அவர்கள் பாஷையில் அந்தச் சொல்லாம். நல்ல பேர், பலமான பேர் என்று சொல்லி எழுதிக்கொண்டார். அது சாமி பேர், ஊர் எல்லையில் நிற்கிற சாமி என்று நான் சொல்லவில்லை. உலோகமாகவே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

அடுத்து அண்ணாச்சி. அவர் தாத்தா பேரைப் பின்னால் உள்ள பட்டத்தோடு சேர்த்துச் சொன்னார். கடைசியில் வருவது பேரா தொழிலா என்று அதிகாரி கேட்டார். அண்ணாச்சி விளக்கப் பார்த்தார். மலையாளிக்கே அது சரியாக மாற்றிச் சொல்ல வரவில்லை. அதிகாரி அதை அடித்துவிட்டுப் பேரை மட்டும் எழுதினார்.

திரும்பி வரும்போது வேனில் அண்ணாச்சி சன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே வந்தார். முகாம் நெருங்கும்போது ஒரே ஒரு பேச்சுப் பேசினார். "அய்யாத்துரை மவன்னதும் நான் வேற அய்யாத்துரைன்னுல்லா நெனச்சேன்." கோபமாகச் சொல்லவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னார். தம்பி என்று மட்டும் சொல்லவில்லை.

பத்தாக்கா பிறகு வந்தது. வேலைக்குப் போகிற வாசலில் காவல்காரன் தினமும் அதை வாங்கி வாய்விட்டுப் படிப்பான். செல்வகுமார் அய்யாத்துரை மஅதன். மூன்று பேரையும் முழுசாகச் சொல்லி, கையை நெஞ்சில் வைத்து உள்ளே விடுவான். முக்கூடலில் எங்களை யாரும் அப்படிச் சொன்னதில்லை. இங்கே சொல்லுகிறவனுக்கோ நாங்கள் யார் என்று தெரியாது. தெரிந்தவர்கள் நடுவிலும் பயம், தெரியாதவர்கள் நடுவிலும் பயம். புதிதாக வருகிற தம்பிமார்களுக்கு இதைத்தான் எழுதத் தோன்றியது. மூன்றாவது பேரையும் இங்கே கேட்பார்கள். பின்னால் நிற்பது யார் என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

பேர் கொடுத்துவிட்டு வந்த அன்று சாயங்காலம் குளித்துவிட்டு அறை வாசலில் ரொம்ப நேரம் நின்றேன். உள்ளே கரண்டிச் சத்தம் கேட்டது. ராமோன் எட்டிப் பார்த்து, ஏன் வெளியே நிற்கிறாய் என்று சைகையில் கேட்டான். உள்ளே போனேன். அண்ணாச்சி திரும்பவில்லை. ஒரே அடுப்புமேடை.

பானை இரண்டு.