ஆடிக்கு முன்னால் குடியேறிய தவளைகள்

ஒரகடம் சாலையில் பாதி தூரம் நடந்திருந்தேன். இடது கன்னம் இன்னும் எரிந்தது. பையில் இரண்டு சட்டை, ஒரு லுங்கி. செல்போன் மூன்றாவது முறையாக அடித்தது. முதலாளிதான். எடுக்கவில்லை.

நிலத்தை ஃபேக்டரிக்கு விற்று, மிச்ச இடத்தில் பதினாறு ரூம் கட்டி, கம்பெனிப் பையன்களுக்கு வாடகைக்கு விட்டவர் அவர். ரூம்களைப் பெருக்குவதும் அவருடைய மரத்தவளைகளைப் பார்த்துக்கொள்வதும் என் வேலை. கண்ணாடித் தொட்டியில் ஒன்பது இருந்தன, இலைப் பச்சையில். மனைவியோடு பேசியதைவிட அவற்றோடு அவர் பேசியது அதிகம்.

அந்த ஆனியில் புதிதாக இரண்டு வாங்கி வந்தார். கொளத்தூர் வளர்ப்பு மீன் கடையில் ஆறு மாதம் எடுபிடியாகக் கிடந்தவன் நான். புதியவற்றை ஒரு மாதம் தனியே வைத்துப் பார்க்காமல் பழையவற்றோடு விடக்கூடாது என்று தெரியும். நோய் இருந்தாலும் வெளியே தெரிய நாளாகும். காலியாகக் கிடந்த மாட்டுக்கொட்டகையில் அந்த இரண்டையும் ஒரு பெட்டியில் வைத்தேன். தொட்டிக்குத் தீனி போட்ட பிறகே அங்கே போவேன். கை கழுவாமல் திரும்ப மாட்டேன்.

பன்னிரண்டாம் நாள் காலண்டரோடு வந்தார்.

“நாளைக்கு ஆடி பொறக்குது. அப்பறம் புதுசா எதையும் வூட்டுல குடி வெக்கக் கூடாது. இன்னிக்கே வுட்டுடலாம்.”

“இன்னும் பதினெட்டு நாள் இருக்கு மொதலாளி.”

“தவளைக்கு இன்னாடா தனி வார்டு?”

நல்ல நேரம் பார்த்து, கற்பூரம் காட்டி, அவரே தொட்டியில் விட்டார்.

மூன்று வாரத்தில் பழையவற்றில் நான்கு வயிறு சிவந்து செத்தன. நான்காவது செத்த மாலை, ஷிஃப்ட் முடிந்து வந்த பையன்கள் முன்னால், “எல்லாம் உன் கை ராசிடா” என்று என்னை அறைந்தார். ஒருவன் சிரித்தான்.

பட்டினியும் வேலையில்லாத நாள்களும் எனக்குப் பழக்கம். அந்தச் சிரிப்பைத்தான் விழுங்க முடியவில்லை. மிச்சமும் சாகட்டும், ஒவ்வொன்றாக அவரே புதைக்கட்டும் என்று நினைத்துக்கொண்டே நடந்தேன்.

நான்காவது அழைப்பை எடுத்தேன்.

“டேய், இன்னொன்னு கண்ண மூடிக்கினு கீது. இன்னா பண்ணணும்னு சொல்லுடா.”

“பயலுக அங்கதான் நிக்கானுவளா?”

“கீறானுங்க. அதுக்கு இன்னா?”

“ஸ்பீக்கர்ல போடுங்க. புதுச உள்ள விட்டது யாருன்னு சொல்லுங்க.”

ஸ்பீக்கரில் பையன்களின் பேச்சு கேட்டது. அவர் முணுமுணுத்தார்: “நாந்தான் வுட்டேன்.”

“கேக்கல மொதலாளி.”

“நாந்தான்டா வுட்டேன்! அவன் வாணான்னுதான் சொன்னான்!”

இந்த முறை யாரும் சிரிக்கவில்லை. வழியைச் சொன்னேன். மிச்சமுள்ள ஏழு தவளைகளையும் தனித்தனி டப்பாவில் போட வேண்டும், அடியில் ஈரமான வெள்ளைப் பேப்பர். தொட்டியைக் காலி செய்து, வெந்நீர் ஊற்றிக் கழுவிக் காய வைக்க வேண்டும். பேப்பரை ஒரு நாளைக்கு ஒரு முறை மாற்றினால் போதும். நான் மூன்று மணி நேரத்துக்கு ஒரு முறை என்றேன். ராத்திரியிலும், அவர் கையாலேயே.

“நீ வந்துடுடா,” என்றார். துண்டித்துவிட்டேன்.

மறுநாள் காலை ஒரகடத்தில் ஒரு கம்பெனி கேன்டீன் கான்ட்ராக்டர் முன்னால் நின்றேன். பழைய இடத்தை ஏன் விட்டாய் என்று கேட்டார்.

“கைய நீட்டிட்டார்.”

“இங்க திட்டுவாங்கோ.”

“திட்டட்டும்.”

தட்டு கழுவும் தொட்டியைக் காட்டினார். சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினேன்.