அம்மா சீரியஸ்

நம்பாதவர்கள் சிரித்துவிட்டுப் போகலாம். ஆனால் பே கோபுரத் தெருவில், பட்டப்பகலில் நடந்தது இது.

தசரதனுக்கு விமானந்தாங்கிக் கப்பலில் வேலை. 1994-இல், கார்த்திகை தீபத்துக்குக் கொஞ்ச நாள் முன்பே அவன் லீவு முடிந்தது. தீபத்தை விட்டுப் போக மனசு வரவில்லை. "அம்மா சீரியஸ்" என்று கப்பலுக்குத் தந்தி அடித்துவிட்டான். பட்டாளத்துக்காரர்களின் தாய்மார்களில் பாதிப்பேர் இப்படித்தான் படுத்த படுக்கையாகக் கிடப்பார்கள். அவன் அம்மா கன்னியம்மாளோ வாசலில் உட்கார்ந்து மல்லாட்டையை உடைத்துக் கடலை உரித்துக்கொண்டிருந்தாள்.

கப்பலில் ஒரு வழக்கம் உண்டு. அடுக்குக் கட்டில்களில் நெருக்கியடித்துத் தூங்கும் இடம். குரல் கொடுத்து எழுப்பினால் சுற்றிலும் இருப்பவர்கள் விழித்துக்கொள்வார்கள். அதனால் டியூட்டி மாறும்போது கால் கட்டைவிரலைப் பிடித்து இழுப்பார்கள். மாற்று ஆள் வராமல் மேல்தளத்தில் நிற்பவன் இறங்கக் கூடாது. தசரதனை எழுப்புவது எப்போதும் அவன் சிநேகிதன், ஆரணி அப்பாதுரைதான்.

தீபத்துக்கு முதல் நாள். மதியம் சாப்பிட்டுவிட்டுப் படுத்திருந்தான். மணி மூன்று இருக்கும்.

கட்டைவிரலை யாரோ இழுத்தார்கள்.

"அஞ்சு நிமிஷம் நில்லுடா அப்பாதுரை, வந்துடறேன்."

மறுபடி இழுப்பு. சில்லென்று... ஈரமாக...

விழித்தான். யாருமில்லை. அறை முழுக்க விமான எண்ணெய் நாற்றம்.

வாசலுக்கு ஓடினான்.

"யாரும்மா வந்தது?"

"உங்கூட வேலை செய்றவனாம். தொப்பலா நனைஞ்சிருந்தான். உடம்பு எப்படிம்மா இருக்குதுன்னு கேட்டான்."

"நீ என்ன சொன்ன?"

"எனக்கென்னப்பா, கல்லாட்டம் இருக்கறேன்னேன். தந்தி வந்துச்சேன்னான். எந்தத் தந்தின்னேன்... தலைய குனிஞ்சிக்கினு போயிட்டான்."

தெருவில் நல்ல வெயில். தரையில் ஒரு சொட்டு ஈரமில்லை.

பயத்தைவிட வெட்கம்தான் முந்திக்கொண்டது. இனி அப்பாதுரை முகத்தில் எப்படி விழிப்பது? அன்று பொழுது சாய்வதற்குள் தசரதன் பஸ் ஏறிவிட்டான். எதற்காகப் பொய் சொன்னானோ, அந்தத் தீபத்தையே பார்க்கவில்லை.

கப்பல் துறைமுகத்துக்குத் திரும்பியதும் ஏறினான். அப்பாதுரையின் கட்டில் காலி.

தீபத்துக்கு முதல் நாள் காலையில், நடுக்கடலில், புயல்காற்று அவனை மேல்தளத்திலிருந்து தூக்கி எறிந்திருந்தது. உடல் கிடைக்கவில்லை.

"அது உன் டியூட்டிப்பா," என்றார் மூத்த மாலுமி சின்னசாமி. "பாவம், தசரதன் அவங்க அம்மா பக்கத்துல இருக்கட்டும், அவன் வர்ற வரைக்கும் நான் நிக்கறேன்னு அப்பாதுரையே கேட்டு வாங்கிக்கினான்."

சின்னசாமியே கேட்டார்:

"அம்மாவுக்கு இப்ப எப்படி இருக்குது?"

சுற்றி நின்றவர்கள் எல்லாரும் அவன் முகத்தையே பார்த்தார்கள்.

"தேவலாங்க," என்றான்.