சிஸ்டரும் பிரேக் போன ஜீப்பும்

எங்கள் சிஸ்டரைப் புனிதராக்கப் போகிறார்கள் என்று கேள்விப்பட்டபோது எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. பல வருஷம் அவருக்கு ஜீப் ஓட்டியவன் நான். எஸ்டேட் எஸ்டேட்டாகப் போய் மருந்து கொடுக்கும் கன்னியாஸ்திரீ மடத்து டிஸ்பென்சரியில் அவர் நர்ஸ், நான் டிரைவர். நடுவட்டத்திலிருந்து கூடலூர் வரை அவரிடம் திட்டு வாங்காத ஆள் கிடையாது. மாத்திரையை ஒழுங்காகச் சாப்பிடாதவன், பெண்டாட்டியை அடிப்பவன், பிள்ளைக்குத் தடுப்பூசி போட மறந்தவள் என்று யாரையும் விட்டுவைக்க மாட்டார். எனக்குத் தனி ஒதுக்கீடு. ஒவ்வொரு பள்ளத்துக்கும், "வண்டி ஓட்டுறியா, மாடு மேய்க்கிறியா?" என்பார். பள்ளத்தை நானா தோண்டினேன் என்று நானும் திருப்பிக் கேட்பேன். அப்புறம் ரோட்டோரக் கடையில் நிறுத்தச் சொல்லி வடையும் டீயும் வாங்கித் தருவார். வாயால் சமாதானம் சொல்லும் வழக்கம் அவருக்கு இல்லை.

நான் மாரியம்மன் கோவிலுக்குப் போகிறவன். புனிதர் என்றால் எனக்குத் தெரிந்ததெல்லாம் சர்ச்சில் கண்ணாடிக்குள் நிற்கும் சிலைகள்தான். ஏதாவது தொலைந்துபோனால் செவ்வாய்க்கிழமை அந்தோனியாருக்கு மெழுகுவத்தி ஏற்ற என் மனைவி போவாள், துணைக்கு நானும் போவேன். எந்தச் சிலையின் முகத்திலும் கோபத்தைப் பார்த்ததில்லை. அந்த வரிசையில் எங்கள் சிஸ்டரைக் கொண்டுபோய் நிறுத்தினால், பக்கத்தில் இருப்பவரை நேராக நில்லும் என்று அதட்டுவார்.

ஆனால் எங்கள் பக்கத்து ஜனங்கள் ரோமாபுரியின் உத்தரவுக்காகக் காத்திருக்கவில்லை. சிஸ்டர் இறந்த சில மாதத்திலேயே கூடலூர் இறக்கத்தில் ஒரு வளைவில் தகரக் கொட்டகை போட்டு அவர் படத்தை வைத்துவிட்டார்கள். லாரிக்குப் பெயிண்ட் அடிப்பவர் ஒருவர் படத்தில் தலையைச் சுற்றி மஞ்சளில் ஒளிவட்டம் வரைந்து கொடுத்தார். மாலை வந்தது, குங்குமம் வந்தது, கற்பூரத் தட்டு வந்தது. வெள்ளிக்கிழமைகளில் தேங்காய் உடைத்தார்கள். லாரிக்காரர்கள் ஹாரன் அடித்து ஒரு கும்பிடு போட்டுவிட்டுத்தான் இறக்கத்தில் இறங்குவார்கள்.

அந்த வளைவுக்கு ஒரு கதை உண்டு. ஒரு மழைக்காலத்தில் எங்கள் ஜீப்புக்கு அங்கேதான் பிரேக் போனது. பின்னால் பிரசவ வலியோடு ஒரு பெண்ணைப் படுக்க வைத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்க்கொண்டிருந்தோம். சிஸ்டர் ஜெபமாலையை நீட்டினார், ஜீப் அப்படியே அந்தரத்தில் நின்றது என்று ஊரில் சொல்வார்கள். முதலில் ஒரு சக்கரம்தான் அந்தரத்தில் நின்றது. வருஷம் போகப் போக நான்கும் நின்றன.

உண்மையில் ஜீப்பை நிறுத்தியவன் நான். கியரைப் படிப்படியாகக் குறைத்து, ஹேண்ட்பிரேக்கை இழுத்து, மேட்டுப் பக்க மண்ணில் உரசவிட்டு, தேயிலைச் செடிக்குள் ஏற்றி நிறுத்தினேன். இதை டீக்கடை டீக்கடையாகச் சொல்லிப் பார்த்துவிட்டேன். "அந்தம்மாதான் உன் கைல இறங்கி ஓட்டுச்சுப்பா" என்று எனக்கே விளக்கம் சொன்னார்கள். என் வாழ்க்கையில் நான் செய்த ஒரே சாகசம் அது. அதையும் சிஸ்டர் கொண்டுபோய்விட்டார். எரிச்சல் வராதா?

போன வருஷம் மறைமாவட்டத்திலிருந்து ஒரு ஃபாதர் எங்கள் வீட்டுக்கு வந்தார். புனிதராவது ஒரே நாளில் நடக்கிற காரியமில்லை என்று அவர் சொல்லித்தான் தெரியும். முதலில் இறை ஊழியர், பிறகு வணக்கத்துக்குரியவர், பிறகு அருளாளர், கடைசியில்தான் புனிதர். ஃபேக்டரிப் பதவி உயர்வே இதனிடம் தோற்றுப்போகும். முதல் படியைத் தாண்டவே, கூடப் பழகியவர்களைச் சத்தியம் வாங்கி விசாரிக்க வேண்டுமாம். நான் வேற்று மதத்தவன் என்றேன். அதனால் என்ன, உண்மை சொன்னால் போதும் என்றார்.

கிளம்பும்போதுதான் வந்த காரியத்தின் மறுபாதியைச் சொன்னார். வளைவில் இருக்கும் கொட்டகையை எடுத்தாக வேண்டும்.

என் மனைவிக்கு முகம் மாறிவிட்டது. "ஏனுங்க ஃபாதர், சிஸ்டரைக் கும்புடறது தப்புங்களா?"

"தப்புன்னு சொல்லலைம்மா. திருச்சபை சொல்றதுக்கு முன்னாடி நாமளே பொது இடத்துல ஒளிவட்டம் போட்டு வழிபாடு நடத்தக் கூடாது. அது அங்க இருக்கிற வரைக்கும் விசாரணைய முடிச்சு ரோமுக்கு அனுப்ப முடியாது. சிஸ்டர் பேரு அப்படியே நின்னுடும்."

"ஊட்டுக்குள்ள வச்சுக்கலாமுங்களா?"

"வீட்டுல தனியா வேண்டிக்கத் தடையில்ல."

அவர் போன பிறகு என் மனைவி என்னோடு சண்டை பிடித்தாள், நான்தான் ரோமாபுரியில் சட்டம் போட்டவன் மாதிரி. எனக்கும் வருத்தமாகத்தான் இருந்தது. அந்த அம்மாள் மேல் உயிரையே வைத்திருப்பவர்கள் கட்டிய கொட்டகை அது. அதுவே அவருக்குக் குறுக்கே நின்றது. எடுக்கச் சொன்னால் யார் கேட்பார்கள்? அந்தரத்தில் நின்ற ஜீப்பை நம்புகிறவர்கள் ஒரு தகரத்தையும் அசைக்க விட மாட்டார்கள்.

சாட்சி சொல்லச் சர்ச் அலுவலகத்துக்குப் போனேன். ஃபாதர் கேள்வி கேட்க, இன்னொருவர் எழுதிக்கொண்டார். சிஸ்டருக்குக் கோபம் வருமா என்று கேட்டார்.

"கோபந்தாங்க வரும். நடுநடுவுலதான் சிஸ்டர் வருவாங்க" என்றேன்.

எழுதுகிறவர் பேனாவை வைத்துவிட்டுச் சிரித்தார். அடுத்து வளைவு. மனதைத் திடப்படுத்திக்கொண்டு, அற்புதம் ஒன்றும் நடக்கவில்லை, ஜீப்பை நிறுத்தியது நான்தான் என்றேன். சிஸ்டரின் பதவி உயர்வு என் வாயால் போச்சு என்று நினைத்தேன். ஃபாதருக்கோ நிம்மதி.

"உயிரோட இருந்தப்ப நடந்த அற்புதம் எங்களுக்குக் கணக்குல வராதுங்க. எப்படி வாழ்ந்தாங்கன்னுதான் கேக்குறோம். பிரேக் போனப்ப சிஸ்டர் என்ன செஞ்சாங்க?"

இத்தனை வருஷத்தில் அதை என்னிடம் யாரும் கேட்டதில்லை. நானும் யோசித்ததில்லை.

பெடல் அடிவரை இறங்கியதும் நான் கத்தினேன்: "சிஸ்டர், நீங்க குதிச்சிருங்க." வண்டி அப்போது இன்னும் வேகம் எடுக்கவில்லை. அவர் பக்கம் வெறும் தார்ப்பாய்க் கதவு, வெளியே அடர்த்தியான தேயிலை. குதித்திருந்தால் கீறலோடு பிழைத்திருப்பார். கதவை ஒரு தடவை பார்த்தார், அது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. பிறகு சீட்டைத் தாண்டிப் பின்னால் ஏறிப் போய்விட்டார். படுத்திருந்த பெண்ணால் குதிக்க முடியாதே. "நீ ரோட்டப் பாரு, இவளை நான் பாத்துக்கிறேன்" என்ற குரல் மட்டும் கேட்டது. அவர் என்னிடம் திட்டாமல் பேசியது அன்றைக்குத்தான்.

இதைச் சொன்னபோதுதான் எனக்கே உறைத்தது. ஜீப்பை யார் நிறுத்தியது என்றே வாதாடிக்கொண்டிருந்த நான், இறங்க முடிந்தவர் ஏன் இறங்கவில்லை என்பதை விட்டுவிட்டேன். அவரை அப்போதே பார்க்க வேண்டும் போலிருந்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஃபாதர் வளைவுக்கு வந்தார். எதிர்பார்த்தபடியே கூட்டமும் சத்தமும். நாங்கள் போட்ட கொட்டகையில் உங்களுக்கு என்ன வேலை என்று லாரிக்காரர்கள் மறித்தார்கள். நான் ஒரு கல்லின் மேல் ஏறி நின்று, சர்ச்சில் சொன்னதை அப்படியே சொன்னேன். ஒருவரும் நம்புவதாகத் தெரியவில்லை. கடைசியில் எல்லோரும் கூட்டத்தில் நின்ற ஒரு பெண்ணைப் பார்த்தார்கள். அன்று ஜீப்பில் படுத்திருந்தவள் இவள்தான். அன்றைக்குப் பிறந்த மகள் இப்போது காலேஜில் படிக்கிறாள். இவள் இன்றும் எஸ்டேட்டின் லயத்து வரிசை வீடுகளில் ஒன்றில் இருந்துகொண்டு கொழுந்து பறிக்கிறாள். இந்த வளைவில் முதல் கற்பூரம் ஏற்றியவளும் இவளே.

அவள் போய்ப் படத்தைக் கழற்றினாள். முந்தானையால் குங்குமத்தைத் துடைத்தாள்.

"டிரைவரண்ணே சொல்றது சரிதான். சாமியா இருந்தா அன்னைக்குப் பயந்திருக்காது. அந்தம்மா கையி கிடுகிடுன்னு நடுங்கிச்சு. நடுங்கிக்கிட்டேதான் என்னைய விடாமப் புடிச்சிருந்துச்சு. படத்த லயத்து வீட்டுல நான் வச்சுக்கிறேன்" என்றாள்.

லாரிக்காரர்கள் வழி விட்டார்கள்.